ஃபிலிம் போடாத கேமரா

கீஸ்லோவ்ஸ்கி என்று பேரைச் சொன்னால் போதும், சினிமா நண்பர்கள் உடனே 'மூன்று வண்ணங்கள்' என்று ஆரம்பித்துவிடுவார்கள். நீலம், வெள்ளை, சிவப்பு. நீச்சல் குளத்தில் ஜூலியட் பினோஷ், ப்ரெய்ஸ்னரின் இசை, ஐரீன் ஜாக்கோபின் முகம் போட்ட அந்தப் பெரிய சிவப்பு விளம்பரத் தட்டி. இன்னும் கொஞ்சம் ஆழமாகப் போகிறவர்கள் 'டெகலாக்' பற்றிப் பேசுவார்கள். நான் பிழைக்க வந்திருக்கும் புனேயில் இப்படிப் பேசுவதற்கு ஆள் பஞ்சமே கிடையாது. ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டும் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகமும் ஒரே லா காலேஜ் ரோட்டில் இருக்கிற ஊர். பகலெல்லாம் கம்ப்யூட்டரைத் தட்டிவிட்டு சாயங்காலம் டீக்கடையில் ஒதுங்கினால், பக்கத்து பெஞ்சில் யாராவது உலக சினிமாவைப் பிரித்து மேய்ந்துகொண்டிருப்பார்கள்.

அவர்களிடம் போய், "சரி, அதற்கெல்லாம் முன்னால் இந்த மனுஷர் என்ன செய்துகொண்டிருந்தார்?" என்று கேட்டுப் பாருங்கள். "ஏதோ டாக்குமெண்டரி எடுத்துக்கொண்டிருந்தார்" என்று கையை விசிறிவிட்டு மறுபடியும் நீலத்துக்குப் போய்விடுவார்கள்.

என் கட்சி வேறு. அவருடைய மொத்த சினிமாவுக்கும் சாவி அந்த 'ஏதோ டாக்குமெண்டரி'யில்தான் இருக்கிறது. பதினைந்து வருஷத்துக்கு மேல் நிஜ மனிதர்களைப் படம் பிடித்துக்கொண்டிருந்த ஒருவர், "என் கேமராவால் எதிரில் இருப்பவனுக்கு என்ன கேடு வரும்?" என்று கேட்டுக்கொண்டார். அந்தக் கேள்வி முற்றி, டாக்குமெண்டரியையே விட்டார். பிறகு எடுத்த கதைப் படங்கள் எல்லாம் அந்தக் கேள்விக்கு அவர் தேடிய பதில்கள். ஆளுக்கொரு கேமராவைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு திரிகிற இன்றைக்கு, அவருடைய வண்ணங்களைவிட இந்தக் கேள்விதான் நமக்கு அதிகம் தேவைப்படுகிறது.

(பெயர் விஷயம்: போலந்துக்காரர்கள் ஏறக்குறைய 'க்ஷிஷ்தோஃப் கியெஷ்லோஃப்ஸ்கி' என்கிறார்கள். நாக்கு சுளுக்கிக்கொள்ளும். நம் வாய்க்கு கிறிஸ்டோஃப் கீஸ்லோவ்ஸ்கி போதும்.)

கூரை மேலிருந்து பார்த்த சினிமா

1941 ஜூன் 27-ல் வார்சாவில் பிறந்தார். ஜெர்மானியர்கள் பிடியில் ஊர் இருந்த காலம். அப்பா எஞ்சினியர். ஆனால் காசநோய்க்காரர். அவருடைய வைத்தியத்துக்காகக் குடும்பம் ஒவ்வொரு சானடோரியமாக ஊர் மாற்றிக்கொண்டே இருந்தது. அப்படிப் போய்ச் சேர்ந்த ஊர்களில் ஒன்று சோகோலோவ்ஸ்கோ. அங்கே ஒரு சினிமா கொட்டகை. டிக்கெட்டுக்குக் காசில்லாத பையன்கள் கூரை மேல் ஏறி, காற்றுப் போக்கி ஓட்டை வழியாகப் பார்ப்பார்களாம். திரையின் ஒரு மூலை மட்டும்தான் தெரியும். உள்ளே காசு கொடுத்து உட்கார்ந்திருப்பவர்கள் மேல் வயிற்றெரிச்சலில் எச்சில் துப்பியதும் உண்டு என்று பின்னால் அவரே சொல்லியிருக்கிறார். உலகத் தரமான கலைஞர்களைப் பற்றி இந்த மாதிரித் தகவல் கிடைத்தால் எனக்கு ஏனோ ஒரு சந்தோஷம் :-)

பிறகு தீயணைப்புப் படைப் பயிற்சிப் பள்ளி. சீருடையும் கட்டளையும் ஒத்துவராமல் சில மாதங்களில் ஓடி வந்துவிட்டார். அடுத்து வார்சாவில் நாடகத் தொழில்நுட்பக் கல்லூரி. தூரத்து உறவினர் ஒருவர் அதற்குத் தலைவராக இருந்ததால் அங்கே சேர்த்தார்கள். அவர் ஒரு வங்கிக்குத் தலைவராக இருந்திருந்தால் பையன் வங்கிக்குப் போயிருப்பான், அவ்வளவுதான். அங்கே நாடகப் பித்துப் பிடித்தது. நாடக இயக்குநராவதற்கு முதலில் ஒரு பட்டம் வேண்டும், சரி, சினிமாப் பள்ளியில் சேர்ந்து வைப்போம் என்று நினைத்தார். லோட்ஸ் என்று எழுதி 'வூச்' என்று படிக்க வேண்டிய ஊரின் புகழ்பெற்ற சினிமாப் பள்ளி. வாய்தாவும் போலன்ஸ்கியும் படித்த இடம். இரண்டு முறை திருப்பி அனுப்பினார்கள். மூன்றாவது முறை இடம் கிடைத்தது.

இந்த வாழ்க்கைக் குறிப்பை ஏன் இழுக்கிறேன் என்றால், அவருடைய படங்களில் 'தற்செயல்' எவ்வளவு பெரிய விஷயம் என்று எல்லோரும் வியக்கிறார்கள். ஓடிப்போய் ரயிலைப் பிடித்தால் ஒரு வாழ்க்கை, பிடிக்காவிட்டால் வேறு வாழ்க்கை என்று 1981-ல் 'பிளைண்ட் சான்ஸ்' எடுத்தார். (தணிக்கையில் மாட்டி 1987-ல்தான் வெளியே வந்தது.) அது தத்துவப் புத்தகத்தில் படித்த சமாச்சாரம் இல்லை. சொந்த அனுபவம்.

விவரிக்கப்படாத நாடு

அறுபதுகள், எழுபதுகளின் போலந்தில் டாக்குமெண்டரி எடுப்பதற்கு ஒரு தனி அர்த்தம் இருந்தது. பத்திரிகையிலும் தொலைக்காட்சியிலும் ஒரு நாடு இருந்தது. வீட்டு வாசலைத் தாண்டினால் வேறு ஒரு நாடு இருந்தது. இரண்டாவது நாட்டைப் பற்றி யாரும் எதுவும் பதிவு செய்யவில்லை. அதனால் உள்ளதை உள்ளபடி காட்டினாலே அது ஒரு காரியம். பிரசாரம் கூடத் தேவையில்லை.

மாணவராக இருந்தபோது 1966-ல் எடுத்த 'தி ஆபீஸ்' சில நிமிடங்களே ஓடும். ஓர் அரசு அலுவலகக் கவுண்டர். வயதானவர்கள் வரிசையில் நிற்கிறார்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒரு குரல் படிவம் கேட்கிறது, முத்திரை கேட்கிறது, ஆள் மாற்றி ஆளை விரட்டுகிறது. கடைசியில் அந்தக் குரல், வாழ்நாள் முழுக்க என்ன செய்தீர்கள் என்று எழுதிக் கொடுக்கச் சொல்கிறது. நம் ஊர்த் தாலுகா ஆபீஸில் ஒரு முறை நின்றவர்களுக்கு வேறு விளக்கம் வேண்டாம்.

1976-ல் 'ஹாஸ்பிடல்'. முப்பத்திரண்டு மணி நேரம் ஒரே மூச்சாக வேலை பார்க்கும் எலும்பு அறுவை டாக்டர்கள். கருவிகள் சரியில்லை. எலும்பில் அடிக்கிற சுத்தியல் உடைந்து போகிறது. டாக்டர்கள் சிரித்துக்கொண்டே அடுத்த ஆளைப் பார்க்கிறார்கள். ஒரு வார்த்தை விமரிசனம் கிடையாது. ஆனால் மொத்த நாடும் அதில் இருக்கிறது.

இதுவரைக்கும் கேமரா நல்ல பிள்ளை. இனிமேல்தான் சிக்கல்.

கேமரா எப்போது காட்டிக்கொடுக்கும்?

1970 டிசம்பரில் போலந்தின் கடற்கரை நகரங்களில் தொழிலாளர்கள் சுடப்பட்டார்கள். மறு வருஷம் கீஸ்லோவ்ஸ்கி நண்பர்களுடன் சேர்ந்து 'தொழிலாளர்கள் 71' எடுத்தார். தொழிலாளர்கள் மனம் திறந்து பேசினார்கள். பெயர் இல்லாமல், நம்பிப் பேசினார்கள். ஒரு நாள் எடிட்டிங் அறையிலிருந்து ஒலிநாடாக்கள் காணாமல் போயின. ஓரிரு நாளில் தானாகத் திரும்பி வந்தன. பிறகு அவற்றை வெளிநாட்டு வானொலிக்குக் கடத்தினார் என்று கீஸ்லோவ்ஸ்கியையே விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். படத்தையும் தொலைக்காட்சிக்காரர்கள் வெட்டி ஒட்டி வேறு தலைப்பில் ஒளிபரப்பினார்கள். நம்பிப் பேசியவர்களின் குரல் யார் கைக்குப் போயிற்று? தெரியாது. இது முதல் பாடம்.

1974-ல் 'முதல் காதல்'. இள வயதுத் தம்பதி. அந்தப் பெண் கர்ப்பம். குழந்தை பிறக்கும் வரை மாதக்கணக்கில் கூடவே இருந்து எடுத்தார். நடுவில் ஒரு வேலை செய்தார். அவர்கள் குடியிருப்பைப் பதிவு செய்யாமல் தங்கியிருந்ததால், நிஜ போலீஸ்காரர் ஒருவரை வீட்டுக்கு வரவழைத்து அவர்களை விசாரிக்க வைத்தார். அவர்கள் முகத்தில் தெரிகிற பயம் நிஜம். பிரசவம் நிஜம். அப்பனான பையனின் கண்ணீரும் நிஜம். இந்த நிஜக் கண்ணீரைப் படம் பிடிக்கத் தனக்கு உரிமை இருக்கிறதா என்ற பயம் தன்னைப் பிடித்துக்கொண்டதாகவும், கிளிசரின் போட்டு அழும் நடிகர்கள் எவ்வளவோ தேவலை என்றும் பின்னாளில் சொன்னார். அந்தக் குழந்தையை வளர வளரத் தொடர்ந்து படமெடுக்க ஒரு திட்டம் இருந்தது. அதைக் கைவிட்டார்.

மூன்றாவது, எனக்கு மிகவும் பிடித்தது. 1977-ல் வந்த 'ஓர் இரவுக் காவலாளியின் பார்வையில்'. பதினேழு நிமிடம். தொழிற்சாலை வாசல் காவலாளி ஒருவர். கட்டுப்பாட்டில் அபார நம்பிக்கை. வேலை முடிந்த பிறகும் ஆற்றங்கரைக்குப் போய் மீன் பிடிப்பவர்களிடம் உரிமச் சீட்டு இருக்கிறதா என்று சோதிப்பார். குற்றவாளிகளைப் பொது இடத்தில் தூக்கில் போட வேண்டும் என்பார். இதையெல்லாம் வெள்ளந்தியாக, பெருமையாக, கேமராவைப் பார்த்துச் சொல்வார். சர்வாதிகாரம் என்பது மேலே இருக்கும் நாலு பேரால் மட்டும் நடப்பதில்லை என்று இந்தப் படம் காட்டுகிற மாதிரி எந்தப் பெரிய படமும் காட்டியதில்லை என்பேன்.

படம் திருவிழாக்களில் பேசப்பட்டது. தொலைக்காட்சியில் போடலாம் என்றார்கள். கீஸ்லோவ்ஸ்கி ஒத்துக்கொள்ளவில்லை. தொலைக்காட்சியில் வந்தால் அக்கம்பக்கத்துக்காரர்கள் பார்ப்பார்கள், அந்த ஆளை நாளைக்குத் தெருவில் நடக்க விடமாட்டார்கள். தான் எதிர்த்தது அந்த மனோபாவத்தை, அந்த மனிதரை அல்ல என்பது அவர் நிலை. அந்தக் காவலாளியின் கருத்துகள் எல்லாமே கீஸ்லோவ்ஸ்கிக்கு ஆகாதவை. இருந்தும் அவருக்காகத் தன் படத்தை அடக்கி வைத்தார். எத்தனை இயக்குநர்கள் இதைச் செய்வார்கள்?

1979-ல் இதையெல்லாம் கதையாகவே ஆக்கினார். 'கேமரா பஃப்'. ஃபிலிப் மோஸ் என்ற தொழிற்சாலைக் குமாஸ்தா (யெர்ஷி ஷ்டூர் அற்புதமாக நடித்திருப்பார்) பிறந்த குழந்தையைப் படமெடுக்க 8 எம்எம் கேமரா வாங்குகிறான். கம்பெனி விழாவை எடுக்கச் சொல்கிறார்கள். பரிசு கிடைக்கிறது. பைத்தியம் முற்றுகிறது. மனைவி விட்டுவிட்டுப் போகிறாள். அவள் போவதைக்கூட அவன் விரல்களால் சட்டகம் கட்டித்தான் பார்க்கிறான். உண்மையைச் சொல்கிறேன் என்று அவன் எடுத்த ஒரு படத்தால், அவனுக்கு உதவிய ஒரு நல்ல மனிதருக்கு வேலை போகிறது. அதே நேரம், இறந்துபோன அம்மா ஜன்னலிலிருந்து கையசைப்பதை அவன் எடுத்த படத்துண்டில் பார்த்து, நண்பன் ஒருவன் அழுதுகொண்டே நன்றி சொல்கிறான். கேமரா தருவதும் கெடுப்பதும் ஒரே படத்தில். கடைசிக் காட்சியில் ஃபிலிப் கேமராவைத் தன் பக்கம் திருப்பிக்கொள்கிறான். மாஸ்கோ திரைப்பட விழாவில் முதல் பரிசு வாங்கிய படம் இது.

பெட்டியில் இருந்தது

கதையில் எழுதியது அடுத்த வருஷமே நிஜத்தில் வந்து நின்றது.

1980-ல் வார்சா மத்திய ரயில் நிலையத்தில் 'ஸ்டேஷன்' என்ற டாக்குமெண்டரி எடுத்துக்கொண்டிருந்தார். இரவுகளில், பாதி மறைந்த கேமராவோடு, பெட்டி வைக்கும் லாக்கர்களின் முன்னால் தடுமாறும் ஜனங்களை எடுத்தார்கள். ஒரு நாள் வேலை முடிந்து ஸ்டூடியோவுக்குத் திரும்பினால் போலீஸ் காத்திருக்கிறது. அன்றிரவு எடுத்த ஃபிலிம் முழுவதையும் எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். காரணம் பிறகுதான் தெரிந்தது. ஒரு பெண் தன் தாயைக் கொன்று, உடலைப் பெட்டிகளில் அடைத்து, அதே இரவில் அதே லாக்கர்களில் வைத்திருக்கிறாள். இவர்கள் கேமராவில் அவள் விழுந்திருக்கிறாளா என்று பார்க்கத்தான் அந்தச் சோதனை.

விழவில்லை. ஃபிலிம் திரும்பி வந்தது. கதை அத்தோடு முடிந்திருக்கலாம்.

கீஸ்லோவ்ஸ்கிக்கு முடியவில்லை. கேமராவைக் கொஞ்சம் இடது பக்கம் திருப்பியிருந்தால்? நான் போலீஸுக்குத் துப்புக் கொடுத்தவன் ஆகியிருப்பேனே? என் விருப்பம் யாருக்கு வேண்டும்? எடுத்து முடித்த படம் என் கையில் இல்லை என்ற ஞானம் அப்போது வந்தது. கொலைகாரி பிடிபட்டால் நல்லதுதானே என்று நீங்கள் கேட்கலாம். நல்லதுதான். ஆனால் கொலைகாரியைப் பிடிக்கக் கொடுத்த அதே ஃபிலிம், நாளைக்கு வேலைநிறுத்தக்காரனைப் பிடிக்கவும் கொடுக்கும். அந்த நாட்டில் அது வெறும் கற்பனை இல்லை. டாக்குமெண்டரிக்கு அவர் முழுக்குப் போட்டதற்கு இந்த இரவையே பெரிய காரணமாகச் சொன்னார்.

ஃபிலிம் இல்லாமல் ஓடிய கேமரா

இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்ததே அடுத்து வரும் கதைக்காகத்தான்.

1981 டிசம்பர் 13. போலந்தில் ராணுவச் சட்டம். சாலிடாரிட்டி தொழிற்சங்கத்துக்குத் தடை. சுவரில் வாசகம் எழுதியவன், துண்டுச் சீட்டு வைத்திருந்தவன் எல்லோரையும் நீதிமன்றத்தில் நிறுத்தி, அற்பக் குற்றத்துக்கு வருஷக்கணக்கில் உள்ளே தள்ளிக்கொண்டிருந்தார்கள். இந்த விசாரணைகளைப் படமாக்க வேண்டும் என்று 1982-ல் கீஸ்லோவ்ஸ்கி அலைந்து அனுமதி வாங்கினார். தண்டனை விதிக்கும் முகத்தையும், வாங்கும் முகத்தையும் எடுப்பது திட்டம். இவர் அரசாங்கத்து ஆளோ என்று வக்கீல்களுக்கு முதலில் சந்தேகம். அப்படித்தான் கிறிஸ்டோஃப் பியேசியேவிச் என்ற வக்கீலின் அறிமுகம் கிடைத்தது.

கேமராவை நீதிமன்றத்தில் நிறுத்தினார்கள். ஒரு விசித்திரம் நடந்தது. நீதிபதி சிறைத் தண்டனை கொடுக்கவில்லை. அடுத்த வழக்கிலும் இல்லை. விஷயம் புரிந்துவிட்டது. அநியாயத் தீர்ப்பைப் படிக்கும் தன் முகம் ஃபிலிமில் நிரந்தரமாகப் பதிவதை எந்த நீதிபதியும் விரும்பவில்லை. ராணுவச் சட்டம் என்றைக்காவது போகும்; ஃபிலிம் இருக்கும்.

அவ்வளவுதான், வக்கீல்கள் வரிசையில் நின்றார்கள். என் வழக்குக்கு வாருங்கள், என் கட்சிக்காரனுக்கு வாருங்கள் என்று. ஒரு கேமரா போதவில்லை. இன்னொன்று கொண்டுவந்தார். அதில் ஃபிலிம் போடவில்லை. எதற்கு? தண்டனை விழுந்தால்தானே எடுக்க வேண்டும். கேமரா நிற்கிறது என்று நீதிபதிக்குத் தெரிந்தால் போதும். வெறும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அறைக்கு அறை ஓடினார்கள்.

கடைசியில் படம் என்று எதுவும் வரவில்லை. கேன்ஸுக்கோ வெனிஸுக்கோ அனுப்ப ஓர் அடி ஃபிலிம்கூட இல்லை. ஆனால் சில பேர் அன்றைக்கு வீட்டுக்குப் போனார்கள். கீஸ்லோவ்ஸ்கியின் படங்களிலேயே சிறந்தது எது என்று கேட்டால் நான் இந்த எடுக்காத படத்தைத்தான் சொல்வேன்.

கவனியுங்கள், ரயில் நிலையத்தில் இருந்ததும் கேமராதான், நீதிமன்றத்தில் இருந்ததும் கேமராதான். அங்கே அது, யாருக்கும் பதில் சொல்ல முடியாத ஜனங்களைப் பார்த்தது. பின்னால் அதிகாரம் நின்றது. இங்கே அது அதிகாரத்தைப் பார்த்தது. பின்னால் ஜனங்கள் நின்றார்கள். வித்தியாசம் கேமராவில் இல்லை, அது பார்த்த திசையில்.

அதன் பிறகு எல்லாமே பார்ப்பது பற்றித்தான்

வக்கீல் பியேசியேவிச் அதற்குப் பிறகு கடைசி வரை கூட்டாளி. 1985-ல் 'நோ எண்ட்', பிறகு 'டெகலாக்', 'வெரோனிக்', மூன்று வண்ணங்கள் எல்லாமே இருவரும் சேர்ந்து எழுதியவை. இந்தப் படங்களை மறுபடி ஒரு முறை இந்தக் கண்ணோடு பாருங்கள்.

'டெகலாக்' பத்துப் பகுதிகளில் பெரும்பாலானவற்றில் ஒரு மௌனமான ஆள் வருவான். கதை மாந்தர்கள் தப்பு செய்யப் போகும் நேரத்தில் நின்று பார்ப்பான். ஒன்றும் சொல்லமாட்டான், தடுக்கமாட்டான். தேவதை என்கிறார்கள், கடவுள் என்கிறார்கள். எனக்கு அவன் ஒரு பழைய டாக்குமெண்டரி இயக்குநர் மாதிரித்தான் தெரிகிறான். ஆறாவது பகுதியில் எதிர் வீட்டுப் பெண்ணைத் தொலைநோக்கியில் பார்க்கும் பையன். 'வெள்ளை'யின் முடிவில், சிறை ஜன்னலில் நிற்கும் மனைவியைத் தூரத்திலிருந்து தொலைநோக்கியில் பார்த்து அழும் கணவன். 'சிவப்பி'ல் அண்டை வீட்டாரின் தொலைபேசிப் பேச்சை ஒட்டுக்கேட்கும் ஓய்வுபெற்ற நீதிபதி. அவர் என்ன செய்கிறார்? தன்னைத் தானே காட்டிக்கொடுத்து, அண்டை வீட்டாருக்குக் கடிதம் எழுதுகிறார். ஜன்னலில் கல் விழுகிறது. 'கேமரா பஃப்' ஃபிலிப் கேமராவைத் தன் பக்கம் திருப்பியதன் இன்னொரு வடிவம் அது.

கதைப் படம் அவருக்கு ஒளிந்துகொள்ளும் இடமாக இருந்ததா? இல்லை. டாக்குமெண்டரி போகக்கூடாத அறைக்குள் போகும் வழியாக இருந்தது. 1988-ல் வந்த 'எ ஷார்ட் ஃபிலிம் அபவுட் கில்லிங்' அதற்குச் சாட்சி. ஓர் இளைஞன் டாக்ஸி டிரைவரைக் கொல்கிறான். பிறகு அரசாங்கம் அந்த இளைஞனைக் கொல்கிறது. இரண்டையும் கண்ணை மூடவிடாமல் முழுசாகக் காட்டுகிறார். தூக்குக் கயிற்றைச் சரிபார்ப்பது, காலடியில் தட்டு வைப்பது வரை. நிஜக் கைதி ஒருவனின் கடைசி நிமிடங்களை எடுத்திருந்தால் அது பாவம். நடிகர்களை வைத்துக் காட்டியதால் உண்மை. கேன்ஸில் ஜூரி பரிசு, முதலாவது ஐரோப்பியத் திரைப்பட விருது எல்லாம் வந்தன. போலந்தில் கடைசியாக ஒரு மனிதன் தூக்கிலிடப்பட்டது அதே 1988-ல். 1997-ல் வந்த புதிய தண்டனைச் சட்டத்தில் மரண தண்டனை இல்லை. படம்தான் காரணம் என்றால் அது அதிகப்படி. அரசியல் காரணங்கள் பெரியவை. ஆனால் அந்த விவாதத்தில் இந்தப் படமும் இருந்தது.

எங்கள் வாட்ச்மேன்

இனி கொஞ்சம் சொந்தக் கதை.

நான் குடியிருக்கும் சொசைட்டியில் லாத்தூர் பக்கத்திலிருந்து வந்த வாட்ச்மேன் ஒருவர் இருந்தார். ஐம்பது வயது தாண்டியவர். எல்லோரும் 'மாமா' என்றுதான் கூப்பிடுவார்கள். ஒரு நாள் காலை வாட்ஸப் குழுவில் சிசிடிவி துண்டு ஒன்று வந்தது. விடிகாலை மூன்றரை மணிக்கு நாற்காலியில் மாமா தூங்குகிறார், வாய் திறந்திருக்கிறது. நாற்பது விநாடி. கீழே வரிசையாகச் சிரிப்புப் பொம்மைகள். யாரோ குறட்டைச் சத்தம் சேர்த்து மறுபடி போட்டார்கள். அவர் அந்த வாரம் பகல் ஷிஃப்டும் சேர்த்துப் பார்க்கிறார், மாற்று ஆள் வரவில்லை என்று நான் எழுதினேன். ஒருவரும் பதில் சொல்லவில்லை. நாலாவது நாள் வாசலில் வேறு ஆள் நின்றான். கடைசி வரை அந்தப் படத்தை மாமா பார்த்தாரா என்று எனக்குத் தெரியாது. குழுவில் அவர் இல்லையே.

அதே குழுவில் சொசைட்டிப் பராமரிப்புக் கணக்கைக் கேட்டால் மட்டும், "எல்லாவற்றையும் இங்கே போட முடியாது" என்பார்கள். கேமரா எந்தப் பக்கம் பார்க்கிறது என்பது இப்போது புரிந்திருக்கும்.

அப்படியானால் டாக்குமெண்டரியே கூடாதா?

நியாயமான கேள்வி. கீஸ்லோவ்ஸ்கி எடுத்த முடிவு அவருக்குச் சரி. எல்லோருக்கும் விதி ஆக்கினால் அபத்தம். எல்லா டாக்குமெண்டரிக்காரர்களும் கேமராவை மூடியிருந்தால் நமக்கு ஆனந்த் பட்வர்தன் கிடைத்திருக்க மாட்டார். அவருடைய 'பம்பாய் ஹமாரா ஷெஹர்' (1985) படத்தில், குடிசையை இடித்துவிட்ட ஆத்திரத்தில் ஒரு பெண், எங்களைப் படம் பிடித்து உங்களுக்கு என்ன ஆகப் போகிறது என்ற பொருளில் படக்குழுவிடமே சண்டைக்கு வருவார். பட்வர்தன் அதை வெட்டாமல் படத்திலேயே வைத்தார். அதுவும் கேமராவைத் தன் பக்கம் திருப்புவதுதான். 2020-ல் மினியாபோலிஸில் ஜார்ஜ் ஃபிளாய்டின் கழுத்தில் போலீஸ்காரர் முழங்காலை வைத்து அழுத்தியதை, தெருவில் நின்ற பதினேழு வயதுப் பெண் கைபேசியில் எடுக்காமல் போயிருந்தால், மறு வருஷம் அந்தப் போலீஸ்காரருக்குத் தண்டனை கிடைத்திருக்குமா?

நம் நாட்டில் எல்லாக் காவல் நிலையங்களிலும் சிசிடிவி வைக்க வேண்டும் என்று 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 1982-ல் கீஸ்லோவ்ஸ்கி கண்டுபிடித்த அதே தத்துவம்: பார்க்கப்படுகிறோம் என்று தெரிந்தால் அதிகாரம் கையை அடக்கும். ஆனால் அதற்கு ஆறு மாதம் முன்னால் சாத்தான்குளத்தில் என்ன நடந்தது? தகப்பனும் மகனும் காவலில் அடிபட்டு இறந்தார்கள். நிலையத்தில் கேமரா இருந்தது. பதிவுகள் தினமும் தானாக அழிந்துவிடும்படி அமைக்கப்பட்டிருந்தது என்று விசாரிக்கப் போன நீதித்துறை நடுவர் தன் அறிக்கையில் எழுதினார். அதுவும் ஃபிலிம் போடாத கேமராதான். போலந்து நீதிபதிக்குப் பெட்டி காலி என்று தெரியாது, அதனால் பயந்தார். இங்கே காலி என்று அவர்களுக்கே தெரியும். பயமில்லை.

ஆகவே கேமரா நல்லதா கெட்டதா என்ற பட்டிமன்றத் தலைப்பில் எனக்கு ஆர்வம் இல்லை. கைபேசியைத் தூக்குவதற்கு முன்னால் இரண்டு விஷயம் கேட்டுக்கொண்டால் போதும். எதிரில் இருப்பவர் என்னைவிட வலுவானவரா, பலவீனமானவரா? நாளைக்கு இந்தப் படம் யார் கைக்குப் போகும்? ரோட்டில் அடிபட்டுக் கிடப்பவரை எடுக்கும்போதும், சாவு வீட்டில் அழுகிறவர்களை நேரலையில் காட்டும்போதும், பரீட்சையில் தோற்ற பிள்ளையின் முகத்துக்கு நேரே மைக்கை நீட்டும்போதும் இந்த இரண்டும் பொருந்தும்.

ஓய்வு

1994-ல், 'சிவப்பு' வெளியான வருஷம், இனிப் படம் எடுக்கப் போவதில்லை என்று அறிவித்தார். ஒரு அறையில் உட்கார்ந்து நிம்மதியாகச் சிகரெட் பிடிக்கப் போகிறேன் என்றார். உலகமே அவரைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டிருந்த நேரம் அது. 'நீலம்' வெனிஸில் தங்கச் சிங்கத்தைப் பகிர்ந்துகொண்டது; 'வெள்ளை' பெர்லினில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடியை வாங்கியது; 'சிவப்பு'க்கு ஆஸ்காரில் இயக்கம் உட்பட மூன்று பரிந்துரைகள். சும்மா இருக்க முடியாமல் பியேசியேவிச்சோடு சேர்ந்து சொர்க்கம், நரகம் என்று திரைக்கதைத் திட்டம் போட்டுக்கொண்டிருந்தார். 1996 மார்ச் 13-ல், வார்சாவில், இதய அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு இறந்தார். வயது 54. 'சொர்க்கம்' 2002-ல் டாம் டைக்வர் இயக்கத்தில் வந்தது, 'நரகம்' 2005-ல் டானிஸ் டானோவிச் இயக்கத்தில்.

புதிதாக அவரைப் பார்க்க ஆரம்பிக்கிறவர்களுக்கு என் சிபாரிசு இதுதான். நீலத்தில் ஆரம்பிக்காதீர்கள். முதலில் அந்த இரவுக் காவலாளி; பதினேழு நிமிடம்தான், ஒரு டீ குடிக்கும் நேரம். பிறகு 'கேமரா பஃப்'. மூன்றாவதாக 'எ ஷார்ட் ஃபிலிம் அபவுட் கில்லிங்', அதைத் தனியாக, சாப்பிடுவதற்கு முன்னால் பாருங்கள். அப்புறம் 'டெகலாக்' பத்தையும் வாரத்துக்கு ஒன்றாக. கடைசியாக 'சிவப்பு'க்கு வந்தால், அந்தக் கிழட்டு நீதிபதி ஏன் உட்கார்ந்து தன்னைப் பற்றித் தானே கடிதம் எழுதுகிறார் என்று யாரும் உங்களுக்கு விளக்க வேண்டியிருக்காது.